இராமலிங்க அடிகள் சரிதமும் ஜோதிக் குறியும்

ரெட்டிபாளையத்திலும் அதனை அடுத்த அரியலூர்ப் பக்கத்து ஊர்களிலும் வாழும் நம் அன்பர்கள், சுண்ணாம்புக் கல் வெட்டும் பள்ளங்களிலே சிப்பியும் நத்தையும் பதிந்த கற்களைக் கண்டிருப்பர். கடல் இப்பொழுது அவ்விடத்திற்கு நெடுந்தொலைவில் உள்ளது. ஆயினும் பல கோடி ஆண்டுகட்கு முன்னர் அந்நிலம் கடலின்கீழ் இருந்ததென்பதை அக்கற்கள் நமக்கு அறிவிக்கின்றன. கல் கடலன்று, எனினும் அக்கல் இல்லையேல் அங்கே கடலிருந்ததென அறிதற்கும் வழியில்லை. இவ்வாறு கண்ணுக்குப் புலனாகாத ஒன்றைப் புலனாகும் பிறிதொன்று காட்டுமாயின் அதனைக் குறி என்கிறோம்.

கடவுளைப் பற்றிய பேச்சனைத்தும் குறியினாலேயே நடைபெறுகின்றது. உருவும் பெயரும் அற்ற பொருளென்று நூல்களெல்லாம் ஒருமுகமாய்க் கூறியபின், அப்பொருளைத் தாயென்றும், தந்தையென்றும், நாயகனென்றும், கடலென்றும், மலையென்றும், கூத்தனென்றும் அந்நூல்களே அழைக்கின்றன. இக்குறிகள் அனைத்திலும் ஒளி என்னும் குறியே உலகெங்கும் பரவியது. பாரசீகர் அணையா நெருப்பை வணங்கினர். இஸ்லாமியர் திருமறை மாடத்துள் வைத்த விளக்கை இறைவனொளிக்கு உவமை கூறுகின்றது. கிறிஸ்தவ வேதமும் இறைவனை ஒளியென்றே பேசுகின்றது. நம் தமிழகத்திலோ, திருக்கோவலூர் இடைகழியிற் கூடிய முதலாழ்வார்களுள் ஒருவர் பூமியையே அகலாகவும், மற்றொருவர் தம் அன்பையே அகலாகவும் கொண்டு விளக்கேற்றினர். திருவண்ணாமலையிற் கார்த்திகை தோறும் மலையே விளக்குத் தண்டாகின்றது.

ஆனால் குறிக்கு ஓர் அபாயம் உண்டு. வழிகாட்டி மரத்தைக் கண்டவன் அம்மரத்தடியிலேயே படுத்துறங்கி, ஊர்போய்ச் சேர்ந்துவிட்டதாகக் கனவு காண்பதும் உண்டன்றோ? குறியைக் கொண்டாடி, குறித்த பொருளை மறந்துவிடுவது மாந்தர்க்கு இயல்பாயிற்று. இவ்வபாயத்தை நன்கறிந்து, குறியை முற்றும் தள்ளிவிடாமலும், குறியிலேயே தங்கிவிடாமலும், ஆயுள் முழுவதும் அதனோடு போராடிய பெரியார் ஒருவர் நமக்கு அணித்தான காலத்தில் வாழ்ந்தார். அவரே திருவருட்பிரகாச வள்ளலார் எனப்படும் சிதம்பரம் இராமலிங்க அடிகளார். நம் குலத்தாரொருவர் இல்லத்தில் அப்பெரியார் பல்லாண்டு உறைந்தனராதலின், அவர் சரிதத்தை அறிவது நமக்கு உரிமையும் கடமையுமாம்.

பிறப்பும் திரையும்

சிதம்பரத்திற்கு அண்மையிலுள்ள மருதூரிலே கிராமக் கணக்கும் திண்ணைப் பள்ளி ஆசிரியத் தொழிலும் பார்த்துவந்த இராமையா பிள்ளைக்கும், அவர் மனைவியார் சின்னம்மையாருக்கும் ஐந்தாவது மகவாக அடிகள் 1823-ஆம் ஆண்டு அக்டோபர் 5-ஆம் நாள் பிறந்தனர். சபாபதி, பரசுராமர், சுந்தரம்மாள், உண்ணாமுலை என்போர் அவர்க்கு முன்பிறந்தோர்.

குழந்தைக்கு ஐந்து மாதம் நிரம்பியபொழுது பெற்றோர் தில்லைக்கு எடுத்துச் சென்றனர். தில்லைச் சிற்சபையில் நடராஜப் பெருமானுக்கு அருகே திரையொன்று தொங்குகின்றது. அதனை விலக்கினால் ஆண்டு உருவமொன்றும் தோன்றாது. பொன் வில்வ மாலைகள் தொங்கும் வெறுவெளியே காணப்படும். இதனையே சிதம்பர இரகசியம் என்பர். வெளியே கடவுள் என்பதற்கு வெளியையே குறியாக வைத்த நம் முன்னோரின் நுண்ணறிவை என்னென்பது! அத்திரையை விலக்கியபொழுது ஏனைக் குழந்தைகள்போல் அழாமல் இக்குழந்தை வாய்விட்டு நகைத்ததென்பது வரலாறு. பிற்காலத்தில் ஏழு திரைகளைத் தாமே அமைத்து, அவற்றை ஒவ்வொன்றாய் நீக்கிக் காட்டியவர் முதன்முதல் நகைத்தது ஒரு திரையின் முன்னென்பது எண்ணி மகிழத்தக்கது.

ஓராண்டு நிரம்புமுன் தந்தையார் காலஞ்சென்றனர். அன்னையார் மக்களுடன் பொன்னேரியை அடுத்த சின்னக்காவணத்தில் சிலகாலம் தங்கி, பின்னர்ச் சென்னைக்குக் குடிபெயர்ந்தனர். ஏழுகிணற்றுப் பகுதியில் வீராசாமி பிள்ளைத் தெருவில் அவர்கள் வாழ்ந்தனர். தமையனார் சபாபதி புராணப் பிரசங்கம் செய்து குடும்பத்தைத் தாங்கினார்.

கண்ணாடியும் விளக்கும்

தம்பியும் தம்மைப்போற் கற்று முன்னேறவேண்டுமென்று தமையனார் விரும்பினார். தாமே கற்பித்தும், காஞ்சிபுரம் சபாபதி முதலியாரிடம் அனுப்பியும் பார்த்தார். சிறுவரோ பாடம் கேளாமல் கந்தகோட்டத்து முருகன் சந்நிதியிற் பாடிக்கொண்டு நின்றார். தமையனார் சினங்கொண்டார், அண்ணியார் பாப்பாத்தியம்மாள் அன்போடு பரிந்து, வீட்டிலிருந்தே கற்குமாறு வேண்டினார். அதற்கு இசைந்த சிறுவர், மாடியில் ஓர் அறையை ஒழித்துத் தருமாறும், ஒரு நிலைக்கண்ணாடி வாங்கித் தருமாறும் கேட்டனர். கண்ணாடியை நிறுத்தி, அதன் முன் விளக்கேற்றி, அதிலே தோன்றும் சுடரை நோக்கித் தியானத்தில் அமர்ந்தனர். அக்கண்ணாடியில் தணிகை முருகப் பெருமான் காட்சி தந்தருளினான் என்பர். அப்பொழுது அவர்க்கு வயது ஏறக்குறைய ஒன்பது.

விக்கிரகமும் படமும் மலிந்த நகரத்திலே ஒரு பாலகர் கண்ணாடியை வேண்டியதேன்? கண்ணாடி தனக்கென ஓர் உருவமும் உடையதன்று. எதிர்நின்றதை மட்டுமே காட்டும். மாசு படிந்தால் அதனையும் காட்டாது. ஆகவே கடவுளைக் காண முயல்வோன் முதலிற் காண்பது தன்னையே என்பதற்கும், உள்ளம் துலங்கினாலன்றி ஒளி துலங்காதென்பதற்கும் இதனினும் எளிய குறி கிடைப்பதரிது.

தமையனார் நோயுற்ற நாளொன்றில் சோமு செட்டியார் இல்லத்துப் பிரசங்கத்திற்கு ஒருவரும் இல்லாதுபோகவே, தம்பியை அனுப்பினார். பெரிய புராணத்திலிருந்து சிறுவர் விரித்துரைத்த அருமையைக் கேட்டோர் வியந்து, தொடர்ந்து அவரே சொல்லவேண்டுமென விரும்பினர். பின்னர்த் திருவொற்றியூர்க் கோயிலுக்குப் பல்லாண்டு சென்று வழிபட்டுப் பாமாலைகள் சாற்றினர். 1850-ஆம் ஆண்டளவில், உற்றார் வற்புறுத்தலால் தமக்கை உண்ணாமுலையின் மகளார் தனக்கோடியை மணந்தனர். எனினும் இல்லறத்தில் அவர் மனம் படியவில்லை. 1851-இல் ஒழிவிலொடுக்கம் என்னும் நூலைப் பதிப்பித்தனர். 1854-இல் அவர் இயற்றிய மனுமுறை கண்ட வாசகம் வெளிவந்தது.

தம் பாடல்களிலே அடிகள் கையாளாத குறி இல்லையெனலாம். தந்தைமுன் குறையிரக்கும் பிள்ளையாகிச் சிறு விண்ணப்பமும் பெரு விண்ணப்பமும் செய்கின்றனர். தலைவனைப் பிரிந்த தலைவியாகித் தோழியிடம் முறையிடுகின்றனர். கோடையில் நடந்து இளைத்தோன் முன் தோன்றிய மரம், அம்மரத்தின் நிழல், அங்கே கனிந்த கனி, ஓடையின் இன்சுவை நீர் என இறைவனைப் பலபடப் பேசுகின்றனர். இவையாவும் ஏட்டிலிருந்து எடுத்த உவமைகளல்ல. நம்மைப்போல் வெயிலில் உழைக்கும் குடியானவனுக்கு உரை வேண்டாமலே விளங்குவன.

கருங்குழி இல்லம்

1858-ஆம் ஆண்டளவில் அடிகள் சென்னையை நீங்கிப் பல தலங்களை வழிபட்டுத் தில்லையை அடைந்தனர். அவ்விடத்தே அவரைக் கண்டு உள்ளமுருகியவர், வடலூருக்கு அண்மையிலுள்ள கருங்குழிக் கிராமத்து மணியக்காரர் வேங்கட ரெட்டியார். தம் இல்லத்தில் எழுந்தருளியிருக்குமாறு அவர் வேண்ட, அடிகளும் இசைந்தனர். 1867-ஆம் ஆண்டு வரை ஏறக்குறைய ஒன்பதாண்டுகள் அவ்வில்லமே அவர்க்கு உறைவிடமாயிற்று. அருட்பாவின் பாடல்கள் பல அங்கேதான் பிறந்தன. ஒரு துறவிக்கு ஒருவேளை அன்னமிடுவது எளிது. ஒன்பதாண்டு மனங்கோணாது பேணுவது எளிதன்று. ரெட்டியாரும் அவர் மனைவியார் முத்தியாலம்மாளும் அதனைச் செய்தனர்.

அடிகள் இரவு முழுதும் எழுதுவர். ஆதலின் அவரறையில் விளக்கும், பக்கத்தே எண்ணெய்க் கலயமும் எப்பொழுதும் இருக்கும். கலயம் உடைந்துபோக, அம்மையார் புதுக் கலயமொன்றைப் பழக்குவதற்காக அதனில் நீர் நிரப்பி வைத்துவிட்டு வெளியூர் சென்றனர். அன்றிரவு அடிகள் எழுத்திலேயே கருத்தூன்றி, எண்ணெயென்று கருதி அந்நீரையே விளக்கில் வார்த்துவந்தனர். விளக்கு விடியுமளவும் எரிந்ததாம். இந்நிகழ்ச்சியை அடிகளே தம் பாடலொன்றிலும் குறித்துள்ளனர்.

திருவாரூரில் நமிநந்தியடிகள் நாயனார் குளத்து நீரால் விளக்கெரித்த வரலாற்றைப் பெரிய புராணத்தில் நாம் படித்துள்ளோம். அங்கே பகைவர் ஏளனத்திற்கு விடையாக அற்புதம் நிகழ்ந்தது. கருங்குழியிலோ பகையும் இல்லை, பந்தயமும் இல்லை; பார்ப்போரும் இல்லை. எழுதுவோர்க்குத் தாம் வார்த்தது நீரென்றே தெரியாது. இவ்வற்புதத்தை அப்படியே நம்புவோர் நம்புக. நம்பாதோரும் இதன் குறிப்பை உணரலாம்: விளக்கிற்கு எண்ணெய் எதுவாயினும், எரிய வைப்பது கருத்தின் ஒருமையே.

1865-ஆம் ஆண்டு அடிகள் சமரச வேத சன்மார்க்க சங்கத்தை நிறுவினர். 1872-இல் அதன் பெயரைச் சமரச சுத்த சன்மார்க்க சத்திய சங்கமென மாற்றினர். தம் பாடல்களை அச்சிட அவர் நெடுநாள் இசையவில்லை. இறுக்கம் இரத்தின முதலியார், இசைவு கிடைக்கும்வரை ஒருவேளையே உண்பதென நோன்பு பூண்டபின்னரே ஒருவாறு உடன்பட்டனர். 1867-இல் தொழுவூர் வேலாயுத முதலியார் முயற்சியால் முதல் நான்கு திருமுறைகள் வெளியாயின. தம்மை இராமலிங்கசாமி என்று போடுவதும் ஆரவாரமாகத் தோன்றுவதால் அவ்வாறு வழங்கவேண்டாமென அடிகள் கடிதம் எழுதினர். பாடல்களை அருட்பா என்றும் திருமுறை என்றும் அழைத்தது பற்றி யாழ்ப்பாணத்து ஆறுமுக நாவலர் கடுமையாய் மறுத்ததும், 1869-இல் அவ்வழக்கு மஞ்சக்குப்பம் நீதிமன்றம் வரை சென்றதும் யாவரும் அறிந்தவை. இருவரும் தமிழுக்கும் சமயத்திற்கும் உழைத்த பெரியோராதலின் அதனை ஈண்டு விரிக்கவில்லை.

அடுப்பு

அன்பர்கள் கூர்ந்து நோக்கவேண்டிய ஒன்றுண்டு. ஜோதி வழிபாட்டிற்கெனச் சபை கட்டுவதற்கு நான்கு ஆண்டுகட்கு முன்னரே அடிகள் வேறொரு நெருப்பை மூட்டினர். பார்வதிபுரத்துக் குடிகள் மனமுவந்து அளித்த ஏறக்குறைய 80 காணி நிலத்தில், 1867-ஆம் ஆண்டு மே 23-ஆம் நாள் சத்திய தருமச்சாலையைத் தொடங்கி, அடுப்பிலே தம் கையால் நெருப்பிட்டனர். அன்று மூட்டிய அவ்வடுப்பு 150 ஆண்டுகளுக்கு மேலாகியும் அணையாமல், பசித்து வருவோர்க்குச் சாதி, சமயம் கேளாது அன்னம் சமைக்கின்றது.

பசியையும் அடிகள் நெருப்பென்றே கூறினர். வயிற்றிலே பற்றிய அத்தீ உடலையும் அறிவையும் ஒருங்கே எரிப்பது. அதனை அன்னத்தால் அவிப்பதே ஜீவகாருண்யம். ஜீவகாருண்யமே கடவுள் வழிபாடு என்பது அவர் கொள்கை. வாடிய பயிரைக் கண்டபொழுதெல்லாம் தாமும் வாடியவர் அவர். மழை பொய்த்த ஆண்டில் கம்பும் சோளமும் கருகக் கண்ட நம் உழவர்க்கு அவ்வாட்டம் எத்தகையதென்று யாரும் சொல்லவேண்டுவதில்லை. நாம் நம் பயிருக்கு வாடினோம். அவர் பிறர் பயிருக்கும் வாடினார். வேறுபாடு அவ்வளவே, ஆனால் அவ்வளவும் பெரிது.

ஏழு திரை

1870-இல் அடிகள் வடலூருக்கு அருகிலுள்ள மேட்டுக்குப்பம் சென்று, சித்திவளாகமென்று தாம் பெயரிட்ட மாளிகையில் உறையலாயினர். 1871-இல் சத்திய ஞான சபையின் திருப்பணி தொடங்கிற்று. எண்கோண வடிவான அச்சபை 1872-ஆம் ஆண்டு ஜனவரி 25-ஆம் நாள் தைப்பூசத்தன்று முதல் வழிபாட்டைக் கண்டது. அதனுள்ளே விக்கிரகம் இல்லை. விளக்கொன்றும் அதன் முன்னே பெருங் கண்ணாடியொன்றும் உள்ளன. ஏழுகிணற்றுத் தெருவின் மாடியறையில் ஒன்பது வயதுப் பாலகர் வைத்த அதே விளக்கும் கண்ணாடியுமே நாற்பதாண்டு கழித்து உலகோர் அனைவர்க்கும் பொதுவாயின.

கண்ணாடிக்கு முன் கறுப்பு, நீலம், பச்சை, சிவப்பு, பொன், வெள்ளை, கலப்பு என்னும் நிறங்களில் ஏழு திரைகள் தொங்குகின்றன. இவை முறையே மாயை, கிரியை, பரை, இச்சை, ஞானம், ஆதி, சித்து என்னும் சத்திகளைக் குறிப்பன. தைப்பூச நாளில் ஆறு காலம் இத்திரைகள் ஒவ்வொன்றாய் விலக்கப்படுகின்றன. முடிவில் சுடர் தோன்றுகின்றது. தில்லையில் ஒரு திரை நீங்கினால் வெளி; வடலூரில் ஏழு திரை நீங்கினால் ஒளி. வெளியும் ஒளியும் ஒன்றே என்பது அடிகள் கருத்து. சபையில் விளக்கேற்றுவோர் பன்னிரண்டு வயதிற்கு உட்பட்ட சிறுவராகவோ, எழுபத்திரண்டு வயதிற்கு மேற்பட்ட முதியோராகவோ இருத்தல் வேண்டுமென்றும் விதித்தனர். ஆசையின் வேகம் இன்னும் பற்றாதவரும், பற்றித் தணிந்தவருமே ஒளிக்கு அருகே செல்லத் தக்கார் என்பது இதன் உட்கருத்தென அறிஞர் கூறுவர்.

அதே ஆண்டு ஏப்ரல் 18-ஆம் நாள் 1,596 அடிகள் கொண்ட அருட்பெருஞ்ஜோதி அகவலை நிறைவு செய்தனர். இளமையில் முருகனென்றும், ஒற்றியூர்த் தியாகரென்றும், தில்லைக் கூத்தரென்றும் பாடிய நா, இப்பொழுது அருட்பெருஞ்ஜோதி என்ற ஒரே பெயரைப் பற்றிக்கொண்டது.

குறியைக் கடந்த குறி

1873-ஆம் ஆண்டு அக்டோபர் 22-ஆம் நாள் சித்திவளாகத்தில் மஞ்சளும் வெள்ளையுமான சன்மார்க்கக் கொடியை ஏற்றி, அடிகள் ஒரு பேருபதேசம் செய்தனர். அக்கொடி வெறும் அலங்காரமன்று. நாபியிலிருந்து புருவமத்தி வரை செல்லும் ஒரு நாடியும், அதன் நுனியில் அடியில் வெண்மையும் மேலே மஞ்சளும் பொருந்திய ஒரு சவ்வும் நம் உடம்பில் உள்ளன என்றும், கொடி அதற்கே அடையாளம் என்றும் விளக்கினர்.

அவ்வுபதேசத்திலேதான் குறிகளைப் பற்றித் தம் இறுதிக் கருத்தையும் வெளியிட்டனர். முன்னோர் தெய்வத்தின் உண்மையை வெளிப்படச் சொல்லாது மறைத்து, ஒரு மனிதனுக்கு அமைப்பதுபோலக் கையும் காலும், இடமும் வாகனமும், ஆயுதமும் அமைத்துக் கூறினர் என்றும், பின்வந்தோர் அக்குறிப்பை உள்ளபடியே நம்பி, வினவுவோர்க்கு விடைகூற அறியாது விழிக்கின்றனர் என்றும் சொன்னார். சைவத்தில் தாம் முன்பு கொண்டிருந்த பற்று அளவிட முடியாததென்றும், அதனைத் தம்முடன் பழகியோர் நன்கறிவர் என்றும், அப்பற்றும் தம்மை விட்டு நீங்கியதென்றும் கூறினர். ஆயிரமாயிரமாய்ப் பாடியவர் தாம் பாடிய வடிவங்களையே கடக்கத் துணிந்தமை எவ்வளவு அரிய செயல்! அத்துணிவு பலர்க்குக் கசந்தது. அவர் சொல்லைக் கேட்டு நடப்போர் சிலரே என்னும் வருத்தம் அவர்க்கு இறுதிவரை இருந்தது.

தம்மையே மக்கள் ஒரு குறியாக்கிவிடுவர் என்றும் அவர் அஞ்சினர் போலும். பண்ணுருட்டிக் குயவர் அவர் திருவுருவை மண்ணாற் செய்து வண்ணந்தீட்டிக் கொணர்ந்தனராம். அடிகள் அதனை வாங்கிப் பார்த்து, பொன்னாகவேண்டிய மேனி மண்ணாயிற்றே என்னும் கருத்துப்படக் கூறிக் கீழே போட்டு உடைத்துவிட்டனர் என்பர்.

பின்னர்ச் சித்திவளாகத்துள் எரிந்துகொண்டிருந்த விளக்கை வெளியே எடுத்து வைத்து, அதனைத் தடைபடாது ஆராதிக்குமாறு அன்பர்க்குக் கட்டளையிட்டனர். 1874-ஆம் ஆண்டு ஜனவரி 30-ஆம் நாள் தம் அறையுட் புகுந்து கதவை அடைத்துக்கொண்டனர். அதன்பின் அவரை எவரும் கண்டிலர். அரசாங்க அதிகாரிகள் வந்து அறையைத் திறப்பித்தபொழுது உள்ளே ஒன்றுமில்லை என்பது வழிவழி வரும் செய்தி. கார்ஸ்டின் துரை 1878-இல் வெளியிட்ட தென்னார்க்காடு ஜில்லா மானுவலிலும் அடிகளின் மறைவு குறிக்கப்பெற்றுள்ளது. அவர் போனபின் எஞ்சியவை வெளியே வைத்த ஒரு விளக்கும், அணையாத ஓர் அடுப்புமே.

நாம் கொள்ளத்தக்கது

கருங்குழி இல்லத்தைச் சொல்லி நம் குலத்தார் பெருமை கொள்வது இயல்பே. அவ்வில்லத்திற்கு அன்பர்கள் இன்றும் சென்று வழிபடுகின்றனர். ஆனால் வேங்கட ரெட்டியார் அடிகளை வரவேற்றது தம் குலத்தவரென்பதனால் அன்று. அடிகள் வேறு குலத்திற் பிறந்தவர். வந்தவர் எக்குலத்தார் என்று பாராமல், அவருள் எரிந்த விளக்கைப் பார்த்ததே அம்மணியக்காரரின் சிறப்பு. சாதியும் சமயமும் பற்றிய ஆசாரங்களை அடிகள் வெளிப்படையாகவே தள்ளினர். அவர் பெயரைச் சொல்லிச் சாதிப் பெருமை பேசினால், கறுப்புத் திரையைச் சுடரென்று கும்பிட்டவராவோம்.

சங்கம் என்பதும் ஒரு குறியே. ஒருவருக்கொருவர் துணைநின்று, பிள்ளைகளைப் படிக்கவைத்து, பசித்தோர்க்கு அன்னமிட்டு, பிற குலத்தாரோடும் ஒற்றுமையாய் வாழ்தல் அது காட்டும் பொருள். பொருளை மறந்து பெயர்ப்பலகையை மட்டும் துடைத்துக்கொண்டிருப்போமாயின் நமக்கும் வழிகாட்டி மரத்தடியில் உறங்கினவனுக்கும் வேற்றுமை இல்லை.

ஆதலின் தைப்பூசத்தன்று வடலூர் செல்லும் அன்பர்கள் சபையில் ஜோதியைத் தரிசித்தவுடன் திரும்பிவிடாது, தருமச்சாலைக்கும் சென்று அவ்வடுப்பையும் காண்பார்களாக. தம் நிலத்து நெல்லில் ஒரு மூட்டையாயினும் அங்கே சேர்ப்பார்களாக. செல்ல இயலாதோர் தம் வாயிலில் பசித்து நிற்போர்க்கு ஒருபிடி அன்னம் இடுவார்களாக. முத்தியாலம்மாள் கலயத்தில் நிரப்பி வைத்தது வெறும் நீரே. அதுவும் ஒளிக்கு உதவியது. நம்மிடம் உள்ளது எத்துணைச் சிறிதாயினும் அன்போடு வைப்போமாயின் அதுவும் விளக்காய் எரியும்.

சுபம்.